இரண்டாம் லயத்தின் சுவர்கள்

எங்கள் தோட்டத்தில் தொழிலாளர்கள் வரிசையாகக் குடியிருக்கும் லயங்களுக்கு வெள்ளை அடிக்க மூன்று காரணங்கள் உண்டு. தைப்பொங்கல், மாரியம்மன் திருவிழா, வெளியிலிருந்து ஒரு பெரிய மனிதர் வருவது. முதல் இரண்டுக்கும் மாதம் தெரியும். மூன்றாவது எப்போது வேண்டுமானாலும் வரும். 1992இல் தோட்டத்தைத் தனியார் கம்பெனி எடுத்தபோது கொழும்பிலிருந்து டிரெக்டர்மார் வந்தார்கள், வெள்ளை அடித்தோம். அடுத்த வருடம் யாரோ ஓர் அரசியல்வாதி வருவதாகச் சொன்னார்கள். வெள்ளை அடித்தோம், அவர் வரவில்லை. தோட்டம் சுண்ணாம்பு கொடுக்காவிட்டாலும் சனங்கள் கஹவத்தை டவுனுக்குப் போய் வாங்கிவந்து அடித்துவிடுவார்கள். வருகிறவர் கறுத்த சுவரைப் பார்த்துவிட்டுப் போவது, வீட்டுக்கு வந்தவரைத் தண்ணீர் கொடுக்காமல் அனுப்புவதற்குச் சமம்.

இதை முதலிலேயே சொல்லக் காரணம், ஒரு பிரெஞ்சுப் பெண்மணியின் தொழில் வாழ்க்கை இந்தப் பழக்கத்தில் வந்து முட்டிக்கொண்டதுதான். சினிமாப் படங்களுக்கு வீடும் அறையும் தெருவும் அமைப்பது அவருடைய தொழில். முட்டிக்கொண்ட இடத்தில் நான் நின்றிருந்தேன். பள்ளிக்கூடம் விட்ட வருடத்திலிருந்து நாட்குறிப்பு எழுதி வருகிறேன். இதிலுள்ள மாதங்களும் ஆண்டுகளும் அதைப் பார்த்து எழுதியவை. என் அக்கா இவற்றில் பாதியை ஒத்துக்கொள்ள மாட்டாள்.

அப்போது நான் கஹவத்தைக்கு மேலே ஒரு ரப்பர் தோட்டத்தில் ஸ்டோர் கிளாக்கர். பிறந்தது இரண்டாம் நம்பர் லயத்தில். வேலை கிடைத்து குவாட்டர்ஸுக்கு வந்துவிட்டேன். அக்கா அதே லயத்தில், நாங்கள் பிறந்த அதே ஒற்றை அறைக் காம்பராவில், குடும்பத்தோடு இருந்தாள். ரப்பர்ப் பால் வெட்டுகிறவள். அவள் பேசினால் அடுத்த மலைக்குக் கேட்கும்.

1997 பெப்ரவரியில் ஒரு காலை தோட்டத்து மனேஜர், பெரிய தொரை, என்னைக் கூப்பிட்டார்.

"சினிமாக்காரங்க வந்திருக்கு. பழைய சாமான் வேணுமாம். தோட்டத்துல எது எங்க கிடக்குதுன்னு உனக்குத்தான் தெரியும். கூடப் போ."

பங்களா வாசலில் வேனுக்குப் பக்கத்தில் அந்தப் பெண்மணி நின்றிருந்தார். ஐம்பதைத் தொட்டிருக்கும் வயது. குள்ளம். மூக்குக் கண்ணாடியைக் கயிற்றில் கட்டிக் கழுத்தில் தொங்கவிட்டிருந்தார். கால்சட்டையின் பைகளில் அளவு நாடா, சோக்கட்டி, சிறிய டோர்ச், ஒரு கரண்டி. கரண்டி எதற்கு என்று கேட்டேன். சுவரைச் சுரண்டிப் பார்க்க என்றார். எங்களுக்குள் ஆங்கிலம்தான். அவருடைய ஆங்கிலமும் என்னுடையதும் வேறு வேறு இடங்களில் நொண்டியதால் ஒருவரை ஒருவர் தாங்கிக்கொண்டோம்.

இரண்டாம் உலகப் போருக்கு முந்திய இலங்கையில் ஒரு ரப்பர் தோட்டத்தை வாங்கிக்கொண்டு வந்து சேரும் பிரெஞ்சுக்காரனின் கதை அது. பங்களா வேறொரு தோட்டத்தில் கிடைத்துவிட்டதாம். தொழிலாளர் குடியிருப்பு மட்டும் அமையவில்லை. நாலைந்து தோட்டங்கள் பார்த்துவிட்டு எங்களிடம் வந்திருந்தார். முதலாம் லயத்தை நடந்துகொண்டே பார்த்தார். இரண்டாம் லயத்துக்கு வந்ததும் நடை நின்றுவிட்டது.

சுவருக்கு முன்னால் குந்தி உட்கார்ந்தார். அடியில் பச்சைப் பாசி. அதற்கு மேலே பிள்ளைகள் உரசி உரசி எண்ணெய் ஏறிய பட்டை. கதவு நிலைகளில் கைபட்டுக் கறுத்த இடங்கள். கூரைத் தகரத்திலிருந்து துருத் தண்ணீர் வடிந்த சிவப்புக் கோடுகள். ஒவ்வொரு காம்பராவின் சமையல் மூலையிலிருந்தும் புகை வெளியேறி மேலே விரிந்த கருமை. அந்தத் தைக்குத் தொடர்ந்து மழை பெய்ததால் லயத்துக்கு வெள்ளை அடித்திருக்கவில்லை. அதற்கு முந்திய தையிலும், இடையில் வந்த திருவிழாவிலும் அப்படித்தான்.

"இதை யாராலும் செய்ய முடியாது. இங்கே இருந்தவர்கள் அத்தனை பேரும் சேர்ந்து செய்திருக்கிறார்கள்" என்றார்.

நான் பிறந்த சுவரை அப்படிப் பார்த்த முதல் ஆள் அவர்தான்.

அவரைத் தொரசானி என்றுதான் லயத்தில் கூப்பிட்டார்கள். வெள்ளைக்காரப் பெண்ணுக்கு எங்களிடம் வேறு சொல் இல்லை. அதற்கு என்ன அர்த்தம் என்று என்னைக் கேட்டார். தொரையின் மனைவி என்றேன்.

"எனக்குக் கணவன் இல்லையே. அவர்களிடம் சொல்லுங்கள்."

சொன்னேன். அக்கா உடனே, "அப்ப இவங்களே தொரைதான்னு சொல்லு. நல்லதாப் போச்சு, ஒரு ஆளுக்கு மட்டும் சலாம் போட்டாப் போதும்" என்றாள். அதையும் மொழிபெயர்த்தேன். அந்த அம்மா சத்தமாகச் சிரித்தது அப்போதுதான்.

அன்று மாலை ஸ்டோரில் பிளேன்டீ குடித்துக்கொண்டு தன் தொழிலைப் பற்றிச் சொன்னார். அப்பா துறைமுகத்தில் கப்பல்களுக்குப் பெயின்ட் அடித்தவர். இவர் பத்தொன்பது வயதில் ஒரு ஸ்டூடியோவில் நாற்காலி தூக்கும் வேலைக்குச் சேர்ந்திருக்கிறார். பிறகு அறைகளுக்குள் சாமான் வைக்கிறவரானார். அந்த வேலையை அவர் விளக்கிய விதம் எனக்குப் பிடித்திருந்தது: தச்சன் அறையைக் கட்டிவிட்டுப் போவான், அந்த அறையில் யார் வாழ்கிறார்கள் என்று சொல்வது சாமான் வைக்கிறவரின் பொறுப்பு. மேசையில் எந்தக் கோப்பை, அதில் எங்கே வெடிப்பு, கைப்பிடி எந்தப் பக்கம் திரும்பியிருக்கிறது. பார்க்கிறவர்கள் அந்தக் கோப்பையைக் கவனித்துவிட்டால் வேலை சரியில்லை. கவனிக்காமல் நம்பிவிட வேண்டும்.

இருபது வருடத்துக்கு மேல் மற்றவர்களின் கீழே அப்படி வேலை செய்துவிட்டு, இப்போதுதான் முதன்முறையாக ஒரு படத்தின் முழு அமைப்புக்கும் அவரே பொறுப்பாக வந்திருந்தார். நம் ஊர்ப் படங்களில் ஆர்ட் டைரக்டர் என்று போடுவார்களே, அதைவிடப் பெரிய பதவி. படத்தில் கண் பார்க்கும் எல்லாவற்றுக்கும் அவரே பதில் சொல்ல வேண்டும். படத்தின் டைரக்டர் தனக்குப் பழக்கமான ஓர் ஆணைத்தான் கேட்டிருக்கிறார். தயாரிப்பாளர் பிடிவாதமாக இந்த அம்மாவைப் போட்டிருக்கிறார்.

"குடியிருப்பு சரியில்லை என்று டைரக்டர் ஒரு வார்த்தை சொன்னால் போதும். அந்த ஆளுக்குத் தொலைபேசி போய்விடும். நான் மறுபடியும் கோப்பைகளுக்குத் திரும்ப வேண்டியதுதான்" என்றார். புலம்பலாகச் சொல்லவில்லை. நிலவரத்தைச் சொன்னார்.

திரும்பிப் போவதற்கு முன் ஒரே ஒரு வேண்டுகோள் வைத்தார். சித்திரை வருடப் பிறப்புக்குப் பிறகு வருவேன், அதுவரை இரண்டாம் லயத்தில் எதையும் தொட வேண்டாம், இப்போது இருக்கிறபடியே இருக்கட்டும். நான் அதை அக்காவின் வாசலில் நின்று, நாலு பேர் கேட்கும்படி, தெளிவாகச் சொன்னேன்.

"ஒண்ணுமே செய்ய வேணாமாம். அப்படியே விட்ருங்க."

"வர்றவங்க எல்லாருந்தான் ஒண்ணும் வேணாம்னு சொல்லுவாங்க" என்றாள் அக்கா. "போன மாசம் ஒன் மாமியாரும் சொன்னாங்க. சோறு போடாமயா அனுப்புன?"

"அக்கா, இவங்க நெசமாவே சொல்றாங்க."

"நெசமாச் சொல்றவங்களுக்குத்தாண்டா நல்லபடியா செய்யணும்."

சுற்றி நின்றவர்கள் சிரித்தார்கள். நானும் சிரித்துவிட்டு வந்தேன்.

அதன்பிறகு எனக்கு ஊர் சுற்றும் வேலை. அந்த அம்மா கேட்ட சாமான்களைச் சேர்க்கத் தோட்டத்து லொறியைக் கொடுத்திருந்தார்கள். இரத்தினபுரிக்குப் போனேன், ஓப்பநாயக்கவில் மூடிக் கிடந்த ஒரு பழைய டிஸ்பென்சரியின் அலுமாரிகளைப் பார்த்தேன், கடைசியில் பலாங்கொடையில் ஒரு முஸ்லிம் நானாவின் பழைய சாமான் கடையில் வந்து நின்றேன். அரிக்கன் லாம்பு, பீங்கான் பூச்சு உதிர்ந்த தட்டு, பித்தளை வாளி, தகரப் பெட்டி.

"என்ன மகன், எல்லாரும் புதுசா ஈக்கான்னு கேட்டு வருவாங்க. நீங்க ஒடஞ்சது ஈக்கான்னு கேக்கிறீங்க" என்றார் நானா.

"படத்துக்கு நானா."

"அப்ப என்னையும் ஏத்திட்டுப் போங்க. இந்தக் கடையில நான்தான் பழைய சாமான்."

கடைசி லொறிச் சாமானைப் பலாங்கொடையிலிருந்து கொண்டுவந்த அன்றைக்கே அந்த அம்மாவும் கொழும்பிலிருந்து வந்தார். கஹவத்தைச் சந்தியில் லொறியை விட்டு இறங்கி அவருடைய வேனில் ஏறிக்கொண்டேன். வருடப் பிறப்பு முடிந்த வாரம். ரப்பர் மரங்கள் புது இலை விட்டிருந்தன. மேல் வளைவு திரும்பியதும் டிரைவர் தானாகவே வேகத்தைக் குறைத்தார்.

இரண்டாம் லயம் பளீரென்று நின்றது. முழுச் சுவரும் சுண்ணாம்பு, நீலம் கலந்து அடித்த சுண்ணாம்பு. அடிப்பகுதியில் கையகலத்துக்குத் தார்ப்பட்டை, அளவு பிசகாமல். கதவுகளுக்குப் பச்சைப் பெயின்ட். வாசல்கள் சாணம் தெளித்துப் பெருக்கி, காம்பராவுக்கு ஒரு கோலம். தென்னங்குருத்துத் தோரணம். நடுவில் ஒரு ஸ்டூலில் நிறைகுடம். அக்கா கல்யாணச் சேலையில், கையில் மாலையோடு நின்றிருந்தாள்.

அந்த அம்மா வேனிலிருந்து இறங்கினார். குனிந்து மாலையை வாங்கிக்கொண்டார். கொடுத்த தண்ணீரைக் குடித்தார், கொழுக்கட்டையைத் தின்றார், எல்லாருக்கும் கைகூப்பினார். பிறகு ரோட்டோரம் போதிய தூரம் நடந்துபோய், மதகுக் கல்லில் மாலையோடு உட்கார்ந்துகொண்டார். நான் பின்னால் போனேன்.

"டைரக்டர் இன்னும் இரண்டு வாரத்தில் வருகிறார்" என்றார்.

செய்தி பங்களாவுக்குப் போனதும் பெரிய தொரை ஜீப்பில் வந்துவிட்டார். "இதெல்லாம் ஒரு விஷயமா? நான் ஓடர் போடுறேன். நாளைக்குக் காலையில எல்லாரும் கரியும் சேறும் பூசிருவாங்க" என்றார். அம்மா வேண்டாம் என்று தலையாட்டினார். ஓடர் வேண்டாம், நானே கேட்கிறேன் என்றார்.

அன்று பின்னேரம், காலையில் பேர் கூப்பிட்டு வேலை பிரிக்கும் பிரட்டுக்களத்தில் சனங்கள் கூடினார்கள். அம்மா சொல்லச் சொல்ல நான் தமிழில் சொன்னேன். உங்கள் வரவேற்புக்கு நன்றி, ஆனால் படத்துக்குப் பழைய சுவர்தான் தேவை, சுண்ணாம்பின் மேல் மறுபடியும் கறுப்பாக்க அனுமதி வேண்டும், படம் முடிந்ததும் நாங்களே புதிதாக அடித்துத் தருவோம். கூட்டம் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டது. அக்கா எழுந்தாள்.

"தம்பி, நான் சொல்றத அப்படியே சொல்லு, பூசி மெழுகிச் சொல்லாத. சுவரு கறுத்துக் கெடந்தது நாங்க ஆசப்பட்டு இல்ல. சுண்ணாம்பு கேட்டா அடுத்த மாசம், தகரம் கேட்டா அடுத்த வருசம். மழையும் விட்டாத்தானே. இப்பத்தான் கைக்காசப் போட்டு, லீவு நாளுல நின்னு அடிச்சோம். இதுல நாங்களே கரியப் பூசுறது மூதேவியக் கூப்பிட்டு ஒக்கார வைக்கிற வேல. அதோட இன்னொண்ணு கேளு. இவங்க ஊர்ல படம் பாக்கிறவங்க எங்கள யாருன்னு நெனப்பாங்க? வீட்டக்கூடக் கூட்டத் தெரியாத சாதின்னு நெனக்க மாட்டாங்களா?"

எனக்குப் பக்கத்தில் நின்ற கணக்கப்பிள்ளை, "சும்மா இரு, வெள்ளக்காரங்களோட வழக்கா" என்று முணுமுணுத்தார்.

"நீ ஒன் வீட்டுல பூசிக்க" என்றாள் அக்கா.

அப்படியே மொழிபெயர்த்தேன். ஒரு வார்த்தையும் விடவில்லை. அந்த அம்மா கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

"அவர்கள் சொல்வது சரி" என்றார். "இது அவர்களுடைய வீடு. எனக்கு வேண்டியது செட். நான் செட் கட்டுகிறவள்."

இரண்டாம் லயத்துக்கு எதிர்ச் சரிவில் நாலாம் லயம் இருந்த தரை கிடந்தது. மண் சரிந்து அந்த லயத்தை இடித்துப் பல வருடம். கல் அத்திவாரமும் படிகளும் அப்படியே இருந்தன. அதன்மேல் முன்பக்கச் சுவர் மட்டும் எழுப்புவது என்று அங்கேயே, அளவு நாடாவை இழுத்துப் பார்த்து, முடிவு செய்தார். டைரக்டர் வருவதற்குள் அது தோட்டம் பிறந்ததிலிருந்து அங்கே நிற்பதாகத் தெரிய வேண்டும்.

"கூரைக்கு என்ன செய்யப் போறாங்களாம்?" என்று அக்கா கேட்டாள்.

"துருப்பிடிச்ச தகரம் தேடணும்."

"ஏன் தேடணும்? எங்க கூரையில இருக்கே. அதக் கழட்டிக்கிட்டு எங்களுக்குப் புதுசு போட்டுத் தரச் சொல்லு."

யூனியன்காரர்கள் பல வருடமாகக் கேட்டுக் கிடைக்காத தகரம் மறுவாரம் லொறியில் வந்து இறங்கியது. பழைய தகரம் ஒரு துவாரம் குறையாமல் எதிர்ச் சரிவுக்குப் போனது.

கஹவத்தைப் பக்கத்துச் சிங்கள கிராமத்திலிருந்து ஒரு தச்சரைப் பிடித்தோம். பாசுன்னே, அதாவது மேஸ்திரி ஐயா, என்று எல்லாரும் கூப்பிடுவோம். பலகைச் சட்டம், மேலே சாக்கு, சாக்கின் மேல் களிமண்ணும் சுண்ணாம்பும். கதவுகளுக்கு வந்த புதுப் பலகை வெளிறிக் கிடந்தது. அம்மா ஒருநாள் எங்கள் பெக்டரியைச் சுற்றிப் பார்க்கையில், ரப்பர் ஷீட்டைப் புகையில் காயப்போடும் அறைக்குள் எட்டிப் பார்த்தார். உள்ளே உத்தரங்கள் வருடக்கணக்கான புகையில் தேன் நிறத்துக்கு வந்திருந்தன. வெளியே வந்தவர் இருமிக்கொண்டே, "கதவுகளை இதற்குள் தொங்கவிடலாமா?" என்று கேட்டார். ரப்பர் ஷீட்டுகளுக்கு நடுவே கதவுகளும் ஜன்னல்களும் தொங்கின. பெக்டரி ஒபிசர் தினமும் வந்து, இதை எந்தத் தரத்தில் எழுதுவது என்று என்னைக் கேட்டுவிட்டுப் போவார்.

சுவருக்கு அழுக்கு ஏற்றுவதுதான் பெரிய வேலை. பால் வெட்டு முடிந்ததும் அக்காவும் லயத்துப் பெண்களும் சம்பளத்துக்கு வந்தார்கள். தங்கள் வீட்டில் பூச மாட்டோம், செட்டில் பூசுவதற்கு என்ன தடை. தேயிலைத் தூளை ஊறவைத்த தண்ணீர், அடுப்புக் கரி, பசை, பழைய எண்ணெய் எல்லாவற்றையும் எப்படிக் கலப்பது, எந்தத் துணியால் ஒற்றுவது, எப்போது கழுவிவிடுவது என்று அம்மா காட்டினார். அதில் அவருக்கு அபாரமான கை. சுவரின் ஒரு பக்கத்தை அவரே செய்து முடித்தபோது பாசுன்னே கிட்டே போய் முகர்ந்து பார்த்தார்.

பெண்களின் பக்கம்தான் சிக்கல். கதவு நிலையில் கைபடும் கறுப்பு வேண்டும் என்றால் எல்லாக் கதவிலும் ஒரே உயரத்தில், ஒரே அளவில் வைத்தார்கள். துருக் கோடுகள் கோலத்துப் புள்ளி மாதிரி சமதூரத்தில் இறங்கின. ஓரத்தில் வழிந்ததைச் சேலைத் தலைப்பால் துடைத்தும் விட்டார்கள். அம்மா தூர நின்று பார்த்துவிட்டு இடுப்பில் கை வைத்துக்கொண்டார்.

"இவ்வளவு சுத்தமான அழுக்கை நான் எங்கேயும் பார்த்ததில்லை."

மொழிபெயர்த்தேன். பெண்கள் வெட்கப்பட்டுச் சிரித்தார்கள். "என்ன செய்றது தம்பி, கை அப்படித்தான் போகுது" என்றாள் அக்கா.

அம்மா வாளிகளையும் துணிகளையும் எடுத்துப் போகச் சொன்னார். "இனி யாரும் பூச வேண்டாம். இங்கே வந்து இருங்கள்" என்றார். என்ன சொல்கிறார் என்று எனக்கே உடனே விளங்கவில்லை. அடுத்த நாளிலிருந்து தேத்தண்ணி குடிப்பது செட்டின் சுவரில் சாய்ந்துகொண்டு. பகல் சமையல் செட்டுக்கு முன்னால் மூன்று அடுப்பு மூட்டி. பால் வாளிகளைச் சுவரோரம்தான் வைக்க வேண்டும், ஈரத் துணியைக் கதவில்தான் போட வேண்டும். பிள்ளைகள் பந்தைச் சுவரில் அடிக்கலாம். வீட்டில் அடித்தால் உதை, இங்கே அடித்தால் பிஸ்கட். வெற்றிலை போடுகிற இரண்டு கிழவர்கள் ஆளுக்கொரு மூலையைப் பிடித்துக்கொண்டார்கள். மூன்றாவது நாள் மழையும் வந்து சேர்ந்தது. அம்மா குடையோடு நின்று, துருத் தண்ணீர் தானாக வடிவதைச் சின்னப் பிள்ளை மாதிரி பார்த்துக்கொண்டிருந்தார். மிச்சம் தேவைப்பட்ட இடங்களில் கடைசியாக அவருடைய தூரிகை மட்டும் பட்டது.

டைரக்டர் வந்தார். உயரமான மனிதர், அவசரக்காரர், கூடவே ஒரு கூட்டம். அம்மா அவரை இரண்டு லயங்களுக்கும் நடுவே ரோட்டில் நிறுத்திவிட்டு ஓரமாக ஒதுங்கி நின்றார். அவருடைய கை பையிலிருந்த கரண்டியை இறுகப் பிடித்திருந்ததை நான் பார்த்தேன். லயத்துச் சனங்கள் வாசல்களில் நின்றார்கள்.

டைரக்டர் செட்டைப் பார்த்தார். படியேறிப் போய்ச் சுவரில் முதுகைச் சாய்த்துக்கொண்டு அங்கிருந்து ரப்பர் மலையைப் பார்த்தார். பிறகு எதிரே இருந்த இரண்டாம் லயத்தைக் கையால் காட்டிப் பிரெஞ்சில் ஏதோ சொன்னார். அம்மாவின் முகம் முதலில் வெளிறி, பிறகு சிவந்தது. சிரிப்பை அடக்க முடியாமல் திரும்பிக்கொண்டார். என்னிடம் ஆங்கிலத்தில் சொன்னார்: "இந்தப் பக்கம் இருப்பது அருமையாம். அந்த வெள்ளை லயம்தான் பொய்யாகத் தெரிகிறதாம். செட் என்று பார்த்த உடனே தெரிகிறதாம். அது படத்தில் வரக் கூடாதாம்."

நான் தமிழில் சொல்லி வாயை மூடவில்லை.

"என்னாது? எங்க லயம் செட்டா?" என்றாள் அக்கா. "நாலு தலமுறையா நாங்க என்ன நடிச்சுக்கிட்டா இருக்கோம்?"

பாசுன்னே தரையில் உட்கார்ந்து சிரித்தார்.

அந்த அம்மா அதோடு விட்டிருக்கலாம். வேலை ஜெயித்துவிட்டது. அந்த ஆணுக்கு இனித் தொலைபேசி போகாது. ஆனால் அவர் விடவில்லை. டைரக்டரிடம் வேகமாகப் பேசத் தொடங்கினார். அவர் மறுத்தார். இவர் இன்னும் வேகமாகப் பேசினார். தயாரிப்பாளரின் ஆள் இடையில் புகப் பார்த்து ஒதுங்கிக்கொண்டார். இப்போதுதான் கிடைத்த நல்ல பெயரைக் கையில் எடுத்து வீசுகிறாரே என்று எனக்குப் பதறியது. கடைசியில் என் பக்கம் திரும்பி, "உங்கள் அக்காவிடம் சொல்லுங்கள். எனக்கு என்ன செய்தார்களோ அதை இவருக்கும் செய்ய வேண்டும். இப்போதே" என்றார்.

சொன்னதுதான் தாமதம். எங்கிருந்து மாலை வந்தது என்று தெரியாது. கோயிலில் சாத்தியதாக இருக்கும். நிறைகுடம் வந்தது. அக்கா அந்த உயரமான மனிதரைக் குனி என்று கையால் காட்டினாள். அவர் குனிந்தார். மாலை விழுந்தது. செம்பில் தண்ணீர் கொடுத்தார்கள். பெண்கள் குலவை போட்டார்கள். வெள்ளைச் சுவருக்கு முன்னால், கோலத்தை மிதித்துவிடுவோமோ என்று ஒரு காலைத் தூக்கியபடி அவர் நின்றது இப்போதும் கண்ணில் இருக்கிறது.

அம்மா அவரிடம் சொன்னதைப் பிறகு எனக்குச் சொன்னார். உன் கதையில் முதலாளி தோட்டத்துக்கு முதல்முறையாக வருகிற காட்சி இருக்கிறது. அவன் வருகிறான் என்றால் இந்தச் சனங்கள் என்ன செய்வார்கள் என்று கதை எழுதியவருக்கும் தெரியவில்லை, எனக்கும் தெரியவில்லை. இவர்கள் வெள்ளை அடிப்பார்கள். இதைக் காட்டாமல் அந்தக் கறுப்புச் சுவரை மட்டும் காட்டினால் என் வேலை பாதிதான்.

முதலாளி வந்து இறங்கும் காட்சி இரண்டாம் லயத்திலேயே எடுக்கப்பட்டது. கூரையிலிருந்த டீவி அன்டெனாக்களை ஒருநாள் கழற்ற வேண்டியிருந்தது. டீவியில் படம் போடும் ஞாயிற்றுக்கிழமை தவிர எந்த நாளும் கழற்றலாம் என்று லயத்தில் பதில் சொன்னார்கள். மாலை போடுகிறவராக அக்காவையே கேட்டார்கள். "நடிக்க மாட்டேன். மாலை போடணும்னா போடுறேன்" என்றாள். டைரக்டருக்குச் செய்ததையேதான் காமராவுக்கு முன்னாலும் செய்தாள். நடிகர் குனியாததால் அவருக்கும் கையைக் காட்டிக் குனிய வைத்தாள். அது படத்தில் இருக்கிறது.

அந்தப் படத்துக்காக அவருடைய நாட்டில் அம்மாவுக்கு ஒரு பரிசு கிடைத்தது. அதன்பிறகு அவர் கோப்பைகளுக்குத் திரும்பவே இல்லை. வடக்கே பனி பெய்யும் ஊர் ஒன்றில், ஆபிரிக்காவில், ஒருமுறை கப்பலுக்குள்ளே என்று வருடத்துக்கு ஒரு படமாவது செய்தார். ஒவ்வொன்றும் முடிந்ததும் எனக்கு ஒரு தபாலட்டை வரும். 2004இல் பலாங்கொடைக்கு மேலே ஒரு தேயிலைத் தோட்டத்தில் வேறொரு படம் எடுக்க வந்தார். அப்போது அவருக்குக் கீழே ஏழெட்டுப் பேர். ஆனாலும் வேன் முதலில் வந்து நின்றது இரண்டாம் லயத்தில். அக்காவும் இன்னும் சில பெண்களும் லீவு போட்டுவிட்டு ஏறிப் போனார்கள். வழியில் ஆமி செக்பொயின்டில் வேனை நிறுத்தி, எங்கே போகிறீர்கள் என்று கேட்டிருக்கிறார்கள். அக்கா சிங்களத்தில், "பிலிம் வேலைக்கு, மாத்தயா. சுவர் நிபுணர்கள்" என்றிருக்கிறாள். சிப்பாய் சிரித்துக்கொண்டே தடையைத் தூக்கிவிட்டானாம். 2009 தொடக்கத்தில் வந்த தபாலட்டையில், முழங்கால் ஒத்துழைக்கவில்லை, வேலையை நிறுத்திவிட்டேன் என்று எழுதியிருந்தார்.

வரிசைப்படி இதற்கெல்லாம் முன்னால் எழுதியிருக்க வேண்டியது, 1998 ஓகஸ்டில் அம்மா அனுப்பிய படத்தின் கசட் வந்த நாள். வேண்டுமென்றே கடைசிக்கு வைத்தேன்.

கஹவத்தையிலிருந்து டீவியும் வீடியோ டெக்கும் வாடகைக்கு எடுத்து, தோட்டத்துக் கிளப்பில் வைத்தோம். பிரான்சின் வீடியோ முறை வேறாம், எங்கள் டெக்கில் நிறம் வரவில்லை. படம் கறுப்பு வெள்ளையில் ஓடியது. பழைய காலத்துக் கதைதானே என்று யாரும் குறை சொல்லவில்லை. செட் வந்தபோது பெண்கள் வேலைக்காரர்களின் கண்ணோடு பார்த்தார்கள். "மூலை நல்லா வந்திருக்கு." "அந்தக் கதவு இன்னும் ஒரு நாள் பொகையில கெடந்திருக்கணும்." பிறகு கார் வளைவு திரும்பியது. எங்கள் இரண்டாம் லயம், முழு நீளத்துக்கும், திரையில் வெளிச்சமாக எழுந்தது. தோரணம், கோலம், தார்ப்பட்டை. அக்காவின் முதுகும் கொண்டையும் தெரிந்தன. நடிகர் குனிந்தார்.

"நிப்பாட்டு!" என்று பின்னாலிருந்து ஒருவர் கத்தினார். "திருப்பிப் போடு!"

திருப்பிப் போட்டோம். மறுபடியும் போட்டோம். பெக்டரி ஷிப்டிலிருந்து வந்தவர்களுக்காகப் போட்டோம், முதலாம் லயத்துச் சனங்கள் வந்து சேர்ந்ததும் அவர்களுக்காகப் போட்டோம். டெக் கடைக்காரர், "ஐயோ, டேப் அறுந்திரும், ஹெட் சூடாகுது" என்று சுற்றிச் சுற்றி வந்தார். அக்கா முன் வரிசையில் கல்யாணச் சேலையில் உட்கார்ந்திருந்தாள்.

"சூடானா ஆறட்டும்" என்றாள். "ஆறுனதும் போடுங்க."

அன்று அந்தக் கார் வளைவுக்கு மேல் படம் போகவேயில்லை. அந்தப் பிரெஞ்சுக்கார முதலாளி கடைசியில் என்ன ஆனான் என்பது எங்களுக்குத் தெரியவந்தது அடுத்த ஞாயிற்றுக்கிழமைதான்.